விட்ஸில் இருக்கும் ஜப்பான் றேடியோவைக் கழற்றி வேறு செற் போட வேண்டும், நானே செய்யலாமா?

பழையவிட்ஸ் (யாழ்ப்பாணம்) எழுதியது:

வணக்கம் எல்லாருக்கும். என்னிடம் 2008 டொயோட்டா விட்ஸ் ஒன்று இருக்கிறது. ஜப்பானில் ஓடிவிட்டு இங்கே வந்த கார், எனக்கு முதல் இரண்டு பேர் வைத்திருந்தார்கள். எஞ்சினைக் குறை சொல்ல ஒன்றுமில்லை. தலையிடி எல்லாம் அந்த றேடியோதான். எப்.எம். 76இல் தொடங்கி 90இல் நின்றுவிடும். முன்பு வைத்திருந்தவர் யாரோ ஒரு பாஸை, அதாவது கார் வயர் வேலை செய்பவரை, பிடித்து டாஷ்போர்டுக்குள் ஒரு சின்னப் பெட்டியைப் போட்டிருக்கிறார், அதன் புண்ணியத்தில் நாலைந்து நிலையங்கள் கேட்கின்றன, ஆனால் அறிவிப்பாளர் சொல்லும் இலக்கம் ஒன்று, திரையில் தெரிவது வேறொன்று. ஊரை விட்டுக் கொஞ்சம் தள்ளிப் போனால் இரைச்சல் மட்டும்தான். சீடி போட்டால் துப்பிவிடுகிறது. புளூரூத், யூஎஸ்பி எதுவும் கிடையாது.

சிகரெட் லைற்றரில் செருகும் புளூரூத் சாமான் ஒன்றையும் வாங்கிப் பார்த்தேன். அதில் பாட்டை விட றேடியோ இரைச்சல்தான் அதிகம் வந்தது.

2020இல் வாகன இறக்குமதியை நிறுத்திய பிறகு விலைகள் போன போக்கில் வேறு கார் எடுப்பது எனக்குச் சரிவராது, இதோடுதான் இன்னும் சில வருடம். ஆகவே ஒரு அன்ரொயிட் செற் போடலாம் என்று கடையில் கேட்டால், பூட்டும் கூலியாகவே செற் விலையில் பாதி சொல்கிறார்கள். வீட்டு பிளக், சுவிச் எல்லாம் நானே மாற்றுவேன், மல்ரிமீற்றரும் இருக்கிறது. ஆனால் கார் வயரில் இதுவரை கை வைத்ததில்லை. ஒரு வயரை மாற்றிக் கொடுத்தால் எயார்பாக் வெடித்துவிடும் என்று மச்சான் வேறு வெருட்டுகிறார். செய்தவர்கள் யாராவது சொல்லுங்கள்.


வயர்க்காரன் எழுதியது:

தம்பி, தாராளமாகச் செய்யலாம். கை பழகியவனுக்கு இரண்டு மணித்தியாலம், உங்களுக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுதும் போகும், அன்றைக்கு வேறு அலுவல் வைக்காதீர்கள்.

முதல் அந்தச் சின்னப் பெட்டி. அது பாண்ட் எக்ஸ்பாண்டர். ஜப்பானில் 90 மெகாஹேர்ட்ஸுக்கு மேலே தொலைக்காட்சியின் 1, 2, 3 ஆம் சனல்கள் இருந்தன, அதனால்தான் எப்.எம்.முக்கு 76 முதல் 90 வரை மட்டும் கிடைத்தது. அனலொக் தொலைக்காட்சியை நிறுத்திய பிறகு, 2014 கடைசியிலிருந்து 95 வரை நீட்டினார்கள், ஆனால் உங்கள் செற் அதற்கு முந்திய காலத்துச் சாமான். இங்கே நிலையங்கள் 87.5 முதல் 108க்குள் இருக்கின்றன. எக்ஸ்பாண்டர் செய்வது வெறும் கழித்தல் கணக்கு. 16 கழிக்கும் பெட்டி என்றால் 103இல் வரும் நிலையம் உங்கள் திரையில் 87 என்று நிற்கும். அந்தக் கணக்கில் 92க்கும் 106க்கும் இடையில் உள்ளவைதான் உள்ளே வரும், மற்றவை வெளியே. 20 மெகாஹேர்ட்ஸ் அகலத்தில் பரந்து கிடப்பதை 14க்குள் எப்படி அடைப்பது? மலிவுப் பெட்டி என்றால் இரைச்சலையும் சேர்த்துக் கொண்டுவரும். லைற்றரில் செருகிய சாமானும் இதனால்தான் சரிவரவில்லை, அது 87.5க்கு மேலேதான் அனுப்பும், உங்கள் செற்றோ 90இல் முடிந்துவிடும், நடுவில் எக்ஸ்பாண்டர் வேறு எல்லாவற்றையும் இடம் மாற்றி வைத்திருக்கிறது.

இனி வயர். இதை இரண்டு தரம் வாசியுங்கள். கடையில் வாங்கும் செற்றுகளில் மஞ்சள் என்றால் பற்றரியிலிருந்து எப்போதும் வரும் 12 வோல்ற், சிவப்பு சாவியைத் திருப்பினால் வரும் மின், கறுப்பு ஏர்த். இதைப் படித்துவிட்டு காரின் பக்கமும் மஞ்சளை மஞ்சளோடும் கறுப்பைக் கறுப்போடும் முறுக்குகிறவர்கள்தான் செற்றை எரிக்கிறார்கள். டொயோட்டாவின் நிறங்கள் வேறு. வழமையாக நீலத்தில் மஞ்சள் கோடு போட்டதுதான் பற்றரி, சாம்பல் நிறம் சாவி மின், மண்ணிறம் ஏர்த், பச்சை டாஷ் விளக்கு. கறுப்பும் மஞ்சளும் இடப்பக்கப் பின் ஸ்பீக்கர், சிவப்பும் வெள்ளையும் வலப்பக்கப் பின் ஸ்பீக்கர். விளங்குகிறதா, உங்கள் புதுச் செற்றின் பற்றரி வயரும் ஏர்த் வயரும் போய் ஒரு ஸ்பீக்கரின் இரண்டு கால்களில் உட்கார்ந்திருக்கும்.

இந்தச் சிக்கலே வேண்டாம் என்றால் டொயோட்டா பிளக் சோடி ஒன்று வாங்குங்கள், 10 கால் ஒன்றும் 6 கால் ஒன்றும் சேர்ந்து வரும். 10 காலில் மின்னும் முன் ஸ்பீக்கர்களும், 6 காலில் பின் ஸ்பீக்கர்கள். ஒரு பக்கம் காரின் பிளக்கில் அப்படியே செருகும், மறுபக்கத்தை மேசையில் வைத்து ஆறுதலாகச் செற்றின் வயர்களோடு பொருத்தலாம். காரின் வயரை ஒன்றும் வெட்டத் தேவையில்லை, நாளைக்குப் பழைய செற்றைத் திருப்பிப் போட நினைத்தாலும் போடலாம்.

அப்படியிருந்தும் மீற்றர் வைத்துப் பார்க்காமல் இணைக்காதீர்கள். உங்களுக்கு முதல் இரண்டு பேர், நடுவில் ஒரு பாஸ் என்று சொல்கிறீர்கள். எந்த நிறத்தை யார் எதோடு முறுக்கி வைத்திருக்கிறார்களோ. சாவி இல்லாமலே 12 காட்டுவது பற்றரி, சாவியை ஒரு படி திருப்பினால் மட்டும் காட்டுவது அடுத்தது, ஹெட்லைட் போட்டால் காட்டுவது விளக்கு வயர். ஸ்பீக்கர் சோடிகளில் 4 ஓம் அக்கம்பக்கமாக வரும். ஸ்பீக்கரின் மைனஸ் கால்களை எல்லாம் சேர்த்து ஏர்த்தில் கொடுக்கும் பழைய பழக்கம் ஒன்று உண்டு, இப்போதைய செற்றுகளில் அப்படிச் செய்தால் உள்ளே அம்பிளிபயர் போய்விடும். எட்டுக் கால்களும் தனித்தனிதான்.

எயார்பாக் பற்றி மச்சான் சொன்னது முழுப் பொய்யில்லை. வேலை தொடங்க முதல் பற்றரியின் மைனஸைக் கழற்றிவிட்டு 90 செக்கனாவது பொறுங்கள், டொயோட்டாவே அப்படித்தான் சொல்கிறது. டாஷுக்குள் மஞ்சள் உறைக்குள் ஓடும் வயர்க்கட்டோ மஞ்சள் பிளக்கோ கண்ணில் பட்டால் அது எயார்பாக்குடையது, மீற்றர் முனையைக்கூட அதில் வைக்கக் கூடாது. றேடியோ வயர் அந்தப் பக்கம் போகாது, நீங்கள் தேடிப் போனால்தான் ஆபத்து.


சும்மாஇருப்பான் எழுதியது:

எல்லாரும் ஏன் திரைக்கு அலைகிறீர்கள் என்று எனக்கு விளங்கவில்லை. மலிவு அன்ரொயிட் செற் தொடங்கவே அரை நிமிடம் எடுக்கும், மத்தியான வெயிலில் நிறுத்திவிட்டு வந்தால் தொடுதிரை உறைந்து நிற்கும், குமிழ் இல்லாததால் சத்தத்தைக் கூட்டக்கூட ஓட்டும்போது கண்ணை அங்கே கொண்டுபோக வேண்டும். நான் என் காரில் புளூரூத்தும் யூஎஸ்பியும் உள்ள ஒற்றை அளவு செற்தான் போட்டேன், கீழே மிஞ்சிய இடத்துக்கு ஒரு தட்டு. போன் அதில் இருக்கும், வரைபடம் போனிலேயே ஓடும். பாட்டுக் கேட்கத்தானே ஐயா போடுகிறோம்.


வெள்ளவத்தைவாசி எழுதியது:

மேலே சொன்னவர் சொல்வதில் நியாயம் இருக்கிறது, ஆனாலும் பின்பக்கக் கமரா போடும் யோசனை இருந்தால் திரை வேண்டும்தானே.

வாங்க முதல் அளவைப் பாருங்கள். ஜப்பானிலிருந்து வரும் டொயோட்டாக்களில் செற் இருக்கும் ஓட்டையின் அகலம் 200 மில்லிமீற்றர். பொதுவாக விற்கும் இரட்டை அளவு செற் 180க்கு 100. அதைப் போட்டால் இரண்டு பக்கமும் விரல் அகலத்துக்கு இடைவெளி தெரியும். ஒன்றில் டொயோட்டாவுக்கென்று 200 அளவில் வரும் செற்றை எடுங்கள், இல்லாவிட்டால் பக்கத்துக்குப் போடும் பிளாஸ்ரிக் துண்டுகளையும் சேர்த்து வாங்குங்கள். கொழும்பில் பழைய வாகனப் பாகங்கள் விற்கும் பஞ்சிகாவத்தைப் பக்கம் போனால் பழைய கார்களில் கழற்றிய சட்டங்களே கிடைக்கும், நிறமும் ஒத்துப்போகும். செற்றின் பக்கவாட்டில் பூட்டியிருக்கும் இரும்புத் தகடுகளை எறிந்துவிடாதீர்கள், புதுச் செற்றை அதே தகடுகளில்தான் பூட்ட வேண்டும்.

பற்றரி கழற்றுவது பற்றி ஒரு விஷயம். உங்கள் செற் வெறும் சீடி செற் என்றால் பிரச்சினை இல்லை. ஆனால் டொயோட்டாவின் வரைபடம் உள்ள செற்றுகள் சிலவற்றில் மின்னை நிறுத்தினால் பூட்டிக்கொள்ளும், திரும்ப ஒரு குறியீட்டு எண் கேட்கும். பழையதை விற்கலாம் அல்லது வைத்திருக்கலாம் என்று நினைப்பவர்கள் கழற்ற முதல் இதை விசாரித்துவிடுங்கள். இதை வாசிக்கும் வேறு யாருக்காவது உதவும் என்று சொல்கிறேன்.

என் கதை வேறு. மஞ்சளையும் சிவப்பையும் சேர்த்து ஒரே இடத்தில், அதாவது நேரே பற்றரியில் கொடுத்துவிட்டார் ஒருவர். சாவி இல்லாமலே பாட்டுக் கேட்கலாம் என்று எனக்கு அப்போது சந்தோசம்தான். நாலு நாள் கார் எடுக்காமல் விட்டேன், ஐந்தாம் நாள் ஸ்ராட் வரவில்லை. அந்த இரண்டையும் மாறிக் கொடுத்தால் நடப்பது வேறு, ஒவ்வொரு தரமும் நேரமும் நிலையங்களும் அழிந்து புதிதாகத் தொடங்கும்.

கறுப்பு ரேப் சுற்றும் வேலை வேண்டாம். எங்கள் வெயிலில் டாஷுக்குள் அதன் பசை உருகி வயரில் வழுக்கிவிடும். ஈயம் பற்றவைத்து மேலே சூட்டில் சுருங்கும் குழாய் போடுங்கள்.


பழையவிட்ஸ் எழுதியது:

எல்லாருக்கும் நன்றி. வயர்க்காரன் அண்ணை, நீங்கள் எழுதியதை பிரதி எடுத்து வைத்துக்கொண்டுதான் தொடங்கினேன்.

200 அளவுச் செற், பிளக்கோடு வாங்கினேன். சுற்றுச் சட்டம் கிளிப்பில்தான் இருந்தது, திருப்புளிக்குத் துணி சுற்றிக் கிளப்பினேன், ஒரு கிளிப் உடைந்தது. உள்ளே நாலு 10 மில்லிமீற்றர் போல்ட். செற்றை வெளியே இழுத்ததும் நீங்கள் சொன்ன பாஸின் கைவண்ணம் தெரிந்தது: எக்ஸ்பாண்டருக்கு மின் கொடுக்க சாம்பல் வயரின் தோலை உரித்து அதில் ஒரு வயரைச் சுற்றி வைத்திருக்கிறார், ரேப்பும் கழன்று தொங்குகிறது. பெட்டியைக் கழற்றினேன், அந்த வயரை அப்படியே விட்டுவிட்டேன். அதுதான் பிழை. பற்றரியைக் கொடுத்துச் சாவியைத் திருப்பினேன், செற் ஒரு கணம் வெளிச்சம் காட்டிவிட்டு நின்றது. லைற்றரும் வேலை செய்யவில்லை, வெளிக்கண்ணாடி மோட்டரும் அசையவில்லை. அந்த வெறும் முனை இரும்புத் தகட்டில் முட்டியிருக்கிறது, பியூஸ் போய்விட்டது. மச்சான் பக்கத்தில் நின்று சிரித்தார்.

முனையை வெட்டி மூடிவிட்டு, அதே அம்பியர் பியூஸ் போட்டேன். இப்போது செற் ஓடுகிறது, புளூரூத் ஓடுகிறது. இரண்டு குறைகள்: பாட்டில் அடித்தொனி இல்லை, வெறும் தகரம் மாதிரி. றேடியோவும் எதிர்பார்த்த அளவுக்கு இழுக்கவில்லை.


வயர்க்காரன் எழுதியது:

பெரிய பியூஸ் போடாமல் அதே அளவு போட்டதற்கே உங்களுக்கு ஒரு தேத்தண்ணி.

அடித்தொனி போனால் ஏதோ ஒரு ஸ்பீக்கரில் பிளஸ்ஸும் மைனஸும் மாறியிருக்கிறது. ஒரு கூம்பு வெளியே தள்ளும்போது மற்றது உள்ளே இழுக்கிறது, காற்று ஒன்றையொன்று வெட்டிக்கொள்ளும். செற்றிலிருந்து பிளக்கைக் கழற்றிவிட்டு, மணிக்கூட்டுக்குப் போடும் 1.5 வோல்ற் பற்றரியை ஸ்பீக்கர் சோடியில் ஒரு நொடி தொட்டுப் பாருங்கள். பிளஸ்ஸில் பிளஸ் என்றால் கூம்பு வெளியே வரும். முன் ஸ்பீக்கர்களில் இளம்பச்சையும் றோஸும் பிளஸ், நீலமும் ஊதாவும் மைனஸ்.

றேடியோவுக்கு: புதுச் செற்றில் தனி நீல வயர் ஒன்று சும்மா நிற்கிறதா? அன்ரெனாவின் அடியில் சின்ன அம்பிளிபயர் இருக்கும் கார்களில் அதற்கு மின் போவது அந்த வயரால்தான். பிளக்கில் அதற்குரிய கால் இருக்கிறதா என்று பாருங்கள். நீலத்தில் வெள்ளைக் கோடு போட்டது வேறு, அது வெளியே வைக்கும் அம்பிளிபயருக்கு.


பழையவிட்ஸ் எழுதியது:

முன் இடப்பக்கம்தான் மாறியிருந்தது. கூம்பு உள்ளே போனதைக் கண்ணால் கண்டேன். மாற்றியதும் அதே பாட்டு வேறு காரில் ஓடுவது மாதிரி இருக்கிறது.

நீல வயர் சும்மாதான் நின்றது. கொடுத்த பிறகு நிலையங்கள் தெளிவாக வருகின்றன, திரையில் இலக்கமும் சரி. நேற்று இரவு பருத்தித்துறைக் கரையோரம் போனபோது கடலுக்கு அப்பாலிருந்து தமிழ்நாட்டு நிலையம் ஒன்றுகூட வந்தது, ஐந்து நிமிடம் கேட்டேன், பிறகு மங்கிவிட்டது.

பழைய செற்றைத் துணியில் சுற்றி அலுமாரியில் வைத்திருக்கிறேன். அடுத்து கமரா. அந்த வயரைப் பின்னாலிருந்து எந்த வழியால் கொண்டுவருவது?


வெள்ளவத்தைவாசி எழுதியது:

பின்கதவின் மேல்பக்கம் இருக்கும் ரப்பர் குழாய்க்குள்ளால் உள்ளே எடுத்து, கதவோரக் கீழ்ச் சட்டத்துக்கு அடியால் முன்னுக்குக் கொண்டுவாருங்கள். தூண்களில் எயார்பாக் அடையாளம் போட்டிருந்தால் அந்தப் பிளாஸ்ரிக்கைக் கழற்றாதீர்கள். கமராவுக்கு மின் பின்னோக்கு விளக்கிலிருந்து. மாரி மழை தொடங்க முதல் செய்துவிடுங்கள், அந்தக் குழாய் ஒழுங்காக உட்காராவிட்டால் பின்னால் தண்ணீர் நிற்கும்.