உருளைக்கிழங்கு பாப்கா: துருவின கிழங்கை பிழியணுமா வேண்டாமா?

வார்சா_வாணி:
போன வாரம் இங்க ஒருத்தர் "போலந்து உருளைக்கிழங்கு பேக்"னு ஒரு ரெசிபி போட்டிருந்தாங்க. வேகவெச்ச கிழங்கை வட்டமா நறுக்கி, நடுவுல சாசேஜ் அடுக்கி, மேல க்ரீமும் சீஸும் போட்டு அவன்ல வைக்கறது. இங்க நிறைய வீட்ல வேலை நாள்ல அதைத்தான் செய்வாங்க, நல்லாவும் இருக்கும், நான் குறை சொல்லல. ஆனா கீழ கமென்ட்ல பாதி பேர் "இதுதான் போட்லாஷே பக்கத்து பாப்காவா"ன்னு கேட்டு அவங்களும் ஆமான்னு சொல்லிட்டாங்க, அதான் தனி த்ரெட் போடறேன். இல்லங்க. போலந்தோட வடகிழக்குல, பெலாரஸ் எல்லை ஓரமா இருக்கற போட்லாஷேல செய்யற "பாப்கா ஜெம்னியச்சானா", அதாவது உருளைக்கிழங்கு பாப்கா, வேற. பச்சை கிழங்கை துருவி, புகை போட்ட பேக்கனை வெங்காயத்தோட வதக்கி அந்த கொழுப்போட அப்படியே கொட்டி, முட்டை, மார்ஜோரம்ங்கற வாசனை இலை, மிளகு சேர்த்து ட்ரேல ஊத்தி மேல நல்லா சிவக்கற வரைக்கும் அவன்ல விடறது. சீஸ் கிடையவே கிடையாது.

நான் செய்யற அளவு: 2 கிலோ கிழங்கு, 2 பெரிய வெங்காயம், 300 கிராம் பேக்கன், 3 முட்டை, 2 டேபிள்ஸ்பூன் மைதா, 1 டேபிள்ஸ்பூன் காஞ்ச மார்ஜோரம். 180 டிகிரில ஒன்றேகால் மணி நேரத்துல இருந்து ஒன்றரை மணி நேரம். துருவின உடனே துணில கட்டி தண்ணி போக நல்லா பிழிஞ்சிடணும். இதை விட்டீங்கன்னா மேல சிவந்திருக்கும், நடுவுல கொழகொழன்னு நிக்கும்.

பியாவிஸ்டாக்_பாலா:
வாணி அக்கா, சீஸ் விஷயத்துல நான் முழுக்க உங்க பக்கம். ஆனா துணில கட்டி பிழியறதுன்னு சொன்னீங்க பாருங்க, அதை என்னால ஏத்துக்கவே முடியாது. நான் இருக்கறது அந்த போட்லாஷேலயே, பியாவிஸ்டாக் ஊர்ல. பக்கத்து வீட்டு பாட்டி செய்யறதை கூடவே நின்னு பார்த்திருக்கேன், அவங்க துணியை தொடறதே இல்ல. துருவினதை பெரிய பேசின்ல கொஞ்ச நேரம் சும்மா விடுவாங்க, அப்புறம் பேசினை ஒரு பக்கமா சாய்ச்சு கிழங்கை கையால மேல ஒதுக்கிட்டு, ஓரத்துல தேங்கற பழுப்பு தண்ணியை மட்டும் மெதுவா வடிப்பாங்க. அடில வெள்ளையா கெட்டியா ஒண்ணு ஒட்டிட்டு இருக்கும், விரல் வெச்சா கிரீச்சுன்னு இருக்கும். அதுதான் ஸ்டார்ச். அதை சுரண்டி திரும்ப கிழங்குலயே கலந்துடுவாங்க. நீங்க துணில பிழியறப்போ அந்த ஸ்டார்ச்ல பாதி தண்ணியோடவே சிங்க்ல போயிடுது, அதுக்கு ஈடு கட்டத்தான் மைதா போட வேண்டி வருது. கிழங்குலயே இருக்கறதை கொட்டிட்டு வெளிய இருந்து மாவு எதுக்கு?

வார்சா_வாணி:
பாலா தம்பி, பாட்டிக்கு கிடைக்கற கிழங்கு வேற, எனக்கு சூப்பர்மார்க்கெட்ல கிடைக்கறது வேற. சீசனுக்கு ஏத்த மாதிரி தண்ணி மாறும். ஜூன், ஜூலைல வர புது கிழங்குல துருவின உடனே அவ்ளோ தண்ணி விடும், சும்மா சாய்ச்சு வடிச்சா பத்தாது. ரெண்டு ஸ்பூன் மைதா போடறதால ருசி ஒண்ணும் கெட்டுப்போகாது, துண்டு போடறப்போ உடையாம வரும்.

பியாவிஸ்டாக்_பாலா:
புது கிழங்குல பாப்காவே செய்யக்கூடாதுன்னு சொல்றேன் நான். இங்க மூட்டை மேலயே டைப் போட்டிருப்பாங்க: ஏ சாலடுக்கு, பி எல்லாத்துக்கும், சி மாவு கிழங்கு. பாப்காவுக்கு சி, கிடைக்கலன்னா பி-சி. எந்த கிழங்குலயும் ஏறக்குறைய முக்கால் பங்கு தண்ணிதான், ஸ்டார்ச் எவ்ளோங்கறதுதான் வகைக்கு வகை வித்தியாசம். அவன்ல சூடு 60, 70 டிகிரி தாண்டறப்போ அந்த ஸ்டார்ச் தண்ணியை இழுத்து உப்பி இறுகும், பாப்கா நிக்கறதே அதனாலதான். ஸ்டார்ச்சும் வேணும், அது குடிக்கறதுக்கு தண்ணியும் கொஞ்சம் வேணும். வறட்டி எடுத்துட்டா உள்ள நார் நாரா வரும், தட்டுல வெச்சா ஈரமே இருக்காது. சப்புன்னு ஆறிடும்.

சிகாகோ_செல்வி:
ரெண்டு பேரும் சொல்றதை படிச்சேன், ஆனா வேலைக்கு போயிட்டு வந்து 2 கிலோ கிழங்கை கையால துருவறதெல்லாம் எங்களுக்கு நடக்கற காரியம் இல்ல. இங்க போலிஷ் மக்கள் ரொம்ப ஜாஸ்தி, அவங்க கடைலயே பேக்கன், மார்ஜோரம் எல்லாம் வாங்கிடறேன், கிழங்குக்கு ரஸ்ஸட், அதுல மாவு நல்லா இருக்கு. ஃபுட் ப்ராசஸர்ல அடிச்சுடுவேன். 350 ஃபாரன்ஹீட்ல வெச்சுட்டு குழந்தைங்க ஹோம்வொர்க் பார்ப்பேன். பக்கத்துல இருக்கற லிதுவேனியா ஃப்ரெண்ட் அவங்க ஊர் கிழங்கு பேக்கான குகெலிஸ்ல சூடான பாலை ஊத்துவாங்க, அதனால கிழங்கு கறுக்காம வெளுப்பா இருக்குன்னு நானும் அரை கப் ஊத்தறேன். வீட்ல எல்லாரும் சாப்பிடறாங்க. இதுல எது தப்பு? சமைக்கறவங்களுக்கு முடியற மாதிரி இருந்தாத்தானே ஒரு சாப்பாடு வீட்ல நிலைக்கும்.

பியாவிஸ்டாக்_பாலா:
செல்வி அக்கா, பால் ஊத்தறது லிதுவேனியா வழி, அது அவங்களுக்கு சரி. கறுக்கறதுக்கு இங்க வேற வழி வெச்சிருக்காங்க: முதல்ல வெங்காயத்துல கொஞ்சத்தை துருவி போட்டுட்டு அது மேலயே கிழங்கை துருவணும், அப்பப்போ கலந்து விடணும். காத்து பட்டு கறுக்கறது ரொம்ப குறையும். லேசா பழுப்பா இருந்தாலும் ருசிக்கு ஒண்ணும் ஆகாது, பேக்கன் கொழுப்பு சேர்ந்து வெந்தா எப்படியும் அந்த நிறம்தான்.

மெஷின் வேண்டாம்னு நான் சொல்லவே இல்ல. இங்க கிழங்கு துருவறதுக்குன்னே கரண்ட்ல ஓடற மெஷின் விக்கறாங்க, பாதி வீட்ல அதான். ப்ராசஸர்ல பிளேடு போட்டு அடிக்கறதைத்தான் வேண்டாங்கறேன். பிளேடு வெட்டும், கிரேட்டர் கிழிக்கும். முள்ளு முள்ளா இருக்கற பக்கத்துல தேய்க்கறப்போ கிழங்கு கிழிஞ்சு கூழாகி ஸ்டார்ச் வெளிய வருது. பிளேடுல அடிச்சா ஒரு பக்கம் துண்டு, ஒரு பக்கம் தண்ணி. உங்க மெஷின்ல நைசா துருவற டிஸ்க் இருந்தா அதை போடுங்க, கை வலிக்காது, பதமும் வரும். அடை மாவு பதத்துக்கு இருக்கணும், அதை விட தண்ணியா போகக்கூடாது.

சிகாகோ_செல்வி:
டிஸ்க் இருக்கு, போடறேன். ஆனா பாலை நிறுத்த மாட்டேன் தம்பி, அதுல வர மென்மை என் பசங்களுக்கு பிடிச்சிருக்கு.

வ்ரோத்ஸ்வாஃப்_ருத்ரா:
எல்லாரும் பேக்கன் இல்லாம பாப்காவே இல்லங்கற மாதிரி பேசறீங்க. நான் சைவம், இங்க மூணாவது குளிர்காலம், எனக்கு ஒரு வழி சொல்லுங்க.

வார்சா_வாணி:
ருத்ரா, மனசுல பட்டதை சொல்றேன், பன்றி கொழுப்பு இல்லாம செஞ்சா அதுக்கு அந்த உடம்பு வராது. கொழுப்பு உருகி கிழங்குக்குள்ள இறங்கி ட்ரே ஓரம் மொறுமொறுன்னு ஆகறதுதான் இந்த சாப்பாடே. மைனஸ் 15ல வெளிய வேலை செஞ்சுட்டு வந்தவங்க சாப்பிட்டது இது. உங்களுக்கு கொழுக்கட்டை மாதிரி பூரணம் வெச்ச பியெரோகி இருக்கு, பீட்ரூட் சூப் இருக்கு, சைவத்துல இங்க எவ்வளவோ நல்ல ஐட்டம் இருக்கு, இதை ஏன் மாத்தணும்?

வ்ரோத்ஸ்வாஃப்_ருத்ரா:
அக்கா, நீங்க சொல்ற அதே போட்லாஷேலதான் கத்தோலிக்கரும் ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவங்களும் பக்கத்துல பக்கத்துல இருக்காங்க, ரெண்டு பேருக்குமே விரத நாள் ஜாஸ்தி. வெள்ளிக்கிழமை இறைச்சி கிடையாது, ஈஸ்டருக்கு முன்னாடி தவக்காலம் வேற, ஆர்த்தடாக்ஸ் விரதத்துல பால் முட்டை கூட தொடமாட்டாங்க. அந்த நாள்லயும் வீட்ல இருந்தது கிழங்குதான், எண்ணெய்ல செஞ்சு சாப்பிட்டாங்க. ஆளி விதை எண்ணெய் இன்னைக்கும் கிறிஸ்துமஸ் ஈவ் சாப்பாட்டுல இருக்கு. அப்போ இறைச்சி இல்லாத கிழங்கு சாப்பாடு நான் புதுசா கொண்டு வந்ததில்ல, அந்த மண்ணுலயே இருந்தது.

இன்னொண்ணும் சொல்லணும். பியாவிஸ்டாக்ல இரண்டாம் உலகப்போருக்கு முன்னாடி மக்கள்ல பெரும் பங்கு யூதர்கள். அவங்க வீட்ல இதே துருவின கிழங்குல குகெல்னு ஒரு பேக் செஞ்சாங்க, பன்றி கிடையாது, வாத்துக் கொழுப்பு இல்ல கோழிக் கொழுப்பு. அவங்களை அடைச்சு வெச்சிருந்த கெட்டோ பகுதியை 1943ல நாஜிங்க அழிச்சாங்க, செஞ்சவங்க போயிட்டாங்க. பன்றி இல்லாம அது இல்லவே இல்லன்னு நாம முடிவு பண்ணா அவங்க அடுப்பையும் கணக்குல இருந்து எடுத்துடறோம். எனக்கு அது சரியா படல.

வார்சா_வாணி:
யூதர்கள் பத்தி சொன்னது எனக்கும் தெரியும், அதை நான் ஒதுக்கல. ஆனா அவங்களும் கொழுப்பு போட்டாங்க பாருங்க, அதைத்தான் நானும் சொல்றேன். எந்த கொழுப்புங்கறதை வீட்டுக்கு வீடு மாத்திக்கலாம். கொழுப்பே இல்லாம ரெண்டு ஸ்பூன் ஆலிவ் ஆயில்ல செஞ்சுட்டு பாப்கான்னு போட்டோ போடறதைத்தான் ஒத்துக்க மாட்டேன்.

பியாவிஸ்டாக்_பாலா:
ருத்ரா ப்ரோ, கொழுப்பை குறைக்காம வழி இருக்கு. வெண்ணெய் 150 கிராம் எடுத்து அதுல மூணு பெரிய வெங்காயத்தை நல்லா பொன்னிறம் தாண்டி பழுப்பா வர்ற வரைக்கும் வதக்குங்க, அவசரமே படக்கூடாது. காஞ்ச காட்டு காளான் 30 கிராம் ராத்திரி ஊறவெச்சு, வேகவெச்சு பொடியா நறுக்கி கூட போடுங்க. புகை வாசனைக்கு ஸ்மோக்டு பாப்ரிகா அரை ஸ்பூன், அது நம்ம வசதிக்கு. காளான் வெந்த தண்ணியை கொட்டாதீங்க, அடில மண்ணு நிக்கும், வடிகட்டிட்டு க்ரீம் சேர்த்து சாஸ் பண்ணி மேல ஊத்துங்க. இங்க சுத்தி க்னிஷின் காடு, இலையுதிர் காலத்துல ஜனங்க கூடையோட போய் காளான் பொறுக்கறதை நேர்லயே பார்க்கலாம், பாப்காவுக்கு காளான் சாஸ் இங்க சாதாரணமா ஊத்தறதுதான். அந்த காட்டுக்குள்ள சுப்ராஷ்ல்னு ஒரு சின்ன ஊர், அங்க வருஷா வருஷம் பாப்காவுக்கும் கிஷ்காவுக்கும் உலக சாம்பியன்ஷிப்னே நடத்தறாங்க, கிஷ்கான்னா இதே கலவையை பன்றி குடல்ல அடைச்சு பேக் பண்றது. அங்க போனீங்கன்னா ஒவ்வொருத்தரும் ஒவ்வொரு விதமா செய்யறதை பார்க்கலாம். துணில பிழிஞ்சவங்களும் இருக்கலாம் அக்கா, நான் மட்டும் பிழிய மாட்டேன்.

வார்சா_வாணி:
சாம்பியன்ஷிப்ல யார் எப்படி செஞ்சாலும் நான் பிழிவேன் தம்பி. சி டைப் கிடைச்சா கொஞ்சமா பிழியறேன், அடில நிக்கற ஸ்டார்ச்சையும் திருப்பி போடறேன், அது நல்ல விஷயம்தான். மைதா மட்டும் அப்படியே இருக்கும்.

வ்ரோத்ஸ்வாஃப்_ருத்ரா:
நன்றி பாலாண்ணே, இந்த ஞாயிறு செய்யறேன். ட்ரே எவ்வளவு ஆழம், உப்பு எப்போ?

பியாவிஸ்டாக்_பாலா:
கலவை 5 செ.மீ. உயரத்துக்கு மேல போக வேண்டாம், ஆழமா ஊத்தினா நடு வேகறதுக்குள்ள ஓரம் கருகும். உப்பு கடைசில, ட்ரேல ஊத்தறதுக்கு சரியா முன்னாடி, முன்னாடியே போட்டா இன்னும் தண்ணி விடும். ட்ரேவை எண்ணெய் தடவி அவன்லயே சூடு பண்ணிட்டு ஊத்துங்க, ஊத்தறப்போ சொய்ங்னு சத்தம் வரணும். கத்தி குத்தினா ஒட்டாம வந்தா எடுத்துடுங்க, கால் மணி நேரம் தொடாதீங்க, சூடா வெட்டினா சரியும்.

சிகாகோ_செல்வி:
மீந்தா என்ன பண்றீங்க எல்லாரும்? நாங்க மைக்ரோவேவ்.

வார்சா_வாணி:
மைக்ரோவேவ் வேண்டாம் செல்வி! ஃப்ரிட்ஜ்ல வெச்சா மறுநாள் கல்லு மாதிரி இறுகி இருக்கும், ஒரு விரல் கனத்துக்கு துண்டு போட்டு தோசைக்கல்லுல வெண்ணெய் விட்டு ரெண்டு பக்கமும் சிவக்க வறுங்க. பக்கத்துல ஒரு டம்ளர் கெஃபிர், புளிச்ச மோர் இருந்தாலும் போதும். என் வீட்ல முதல் நாளை விட அதுக்குத்தான் சண்டை.

பியாவிஸ்டாக்_பாலா:
இதுல அக்கா சொன்னதுக்கு மறு பேச்சே இல்ல. மூடி மட்டும் போடாதீங்க, மூடினா மொறுமொறுப்பு போயிடும்.