ஸ்போருக்கு 'முளைத்துகள்' எனலாமா?

அன்புள்ள நண்பர்களுக்கு,

பெரணி (fern) போன்ற பூக்காத செடிகள் பெருக உதவும் நுண்ணிய ஸ்போருக்கு (spore) 'வித்து' இருக்கும்போது புதுச்சொல் எதற்கு என்று ஐயா கேட்டிருந்தார். வித்து போதாது என்பது மட்டுமல்ல, அது தவறாகவே வழிகாட்டுகிறது என்று நினைக்கிறேன்.

நெல்லையும் தென்னையையும் ஒருவித்திலைத் தாவரம் என்கிறோம். அங்கே வித்து என்றால் விதை. பெரணிப் பாடத்துக்கு வந்ததும் அதே வித்து ஸ்போராகிவிடுகிறது. பெரணிக்கு விதை கிடையாது, அது வித்துகளால் பெருகுகிறது என்று படிக்கிற பிள்ளை என்ன புரிந்துகொள்ளும்? ஊர்வழக்கில் விதையும் வித்தும் ஒன்றுதானே. போதாக்குறைக்கு ஸ்போர் உண்டாகும் பைக்கு 'வித்தகம்' என்று பெயர். புலமைக்கும் திறமைக்கும் நாம் காலங்காலமாகச் சொல்லிவரும் சொல் அது.

பொருளைப் பார்த்தால் வேறுபாடு இன்னும் பெரிது. ஊறவைத்த வேர்க்கடலையை இரண்டாகப் பிளந்தால் நுனியில் மூக்கு மாதிரி ஒன்று தெரியும். அதுதான் குட்டிச்செடி. ஆணணுவும் பெண்ணணுவும் சேர்ந்து உருவான கரு, அதற்குக் கட்டுச்சோறு, மேலே தோல், எல்லாம் சேர்ந்தது விதை. பெரணியின் ஸ்போரில் கரு இல்லை. ஒரே ஒரு செல், அதிலும் பாதிக் குரோமோசோம்கள்தான். அது முளைத்தால் நேரே பெரணி வராது. சில மில்லிமீட்டர் அகலத்தில், இதய வடிவில், பச்சையாக ஒரு சிறு தகடு வரும். ஆண், பெண் அணுக்கள் அந்தத் தகட்டில்தான் உண்டாகின்றன. ஆணணு ஈரத்தில் நீந்திப்போய்ப் பெண்ணணுவைச் சேர்ந்த பிறகே நாம் அறிந்த பெரணி எழும்புகிறது. விதை இந்தக் கதையின் முடிவில் வருவது, ஸ்போர் தொடக்கத்தில் வருவது. இரண்டுக்கும் ஒரே பெயர் வைத்தால் கதையே குழம்பிவிடும்.

'நுண்வித்து' என்று அக்கா சொன்னதையும் யோசித்தேன். ஆர்க்கிட் செடிகளின் விதைகள் தூசிபோல அவ்வளவு நுண்ணியவை. நுண்வித்து என்ற பெயர் அவற்றுக்குத்தான் சரியாகப் பொருந்தும்.

இலங்கைப் பாடநூல்களில் 'வித்தி' என்ற சொல் இருக்கிறது. மதிக்க வேண்டிய முயற்சி. வித்தித்தாவரம், வித்திக்கலன் என்று தொடர்சொற்களும் அங்கே ஒழுங்காக அமைந்திருக்கின்றன. என் தயக்கம் ஒன்றுதான்: வித்துகள், வித்திகள் என்று வகுப்பில் வேகமாகச் சொன்னால் காதுக்கு வேறுபாடே தெரியாது.

சரி, என் முன்மொழிவு 'முளைத்துகள்'. தூள் என்றால் எண்ண முடியாது, துகளை எண்ணலாம். பல பெரணிகளில் ஒரு பைக்கு 64 ஸ்போர்கள் என்று கணக்கே சொல்கிறார்கள், ஆகவே எண்ணக்கூடிய சொல் வேண்டும். முதிர்ந்த பெரணி இலையின் அடிப்பக்கம் பழுப்புப் புள்ளிகள் இருக்கும். அந்தப் பக்கம் கீழே படும்படி இலையை ஒரு வெள்ளைத்தாளில் ஓரிரு நாள் வைத்துவிட்டு எடுத்துப் பாருங்கள். இலையின் வடிவிலேயே பழுப்புப் பொடி படிந்திருக்கும். அதைக் காட்டி 'முளைக்கிற துகள்' என்றால் குழந்தைக்கும் புரிகிறது. பாக்டீரியாவின் அகவித்துக்கும் இது உதவும். அங்கே ஒரு பாக்டீரியா ஒரு ஸ்போருக்குள் ஒடுங்கிக் கெட்டகாலத்தைக் கடத்துகிறது, பின்னர் முளைத்து மறுபடி ஒன்றாகவே வெளிவருகிறது. பெருக்கமே இல்லாத இடத்தில் வித்து என்பது பொருந்தாது, முளைப்பது மட்டும் உண்மை.

மகரந்தமும்தானே சூலகமுடியில் முளைத்துக் குழாய் விடுகிறது, அதையும் முளைத்துகள் எனலாமா என்று கேள்வி வரும். நல்ல கேள்வி. மகரந்தம் ஸ்போரின் வழிவந்ததுதான். மகரந்தப்பையில் முதலில் உண்டாவது சிறு ஸ்போர், அது உள்ளுக்குள் பிரிந்த பிறகே மகரந்தமாகிறது. இரண்டின் மேலுறையும் ஸ்போரோபொலெனின் என்ற ஒரே வகைப் பொருளால் ஆனது, அந்தப் பெயரிலேயே ஸ்போர், பொலென் (மகரந்தம்) இரண்டும் இருக்கின்றன. ஆகவே இங்கே சாயல் இருந்தால் தவறில்லை. மகரந்தம் என்ற சொல்லை நான் தொடவில்லை. மகரந்தத்துக்குச் சங்கப் பாடல்களில் வரும் 'தாது' எனக்குப் பிடித்த சொல்தான், ஆனால் இன்று அது கனிமத்துக்குப் போய்விட்டது. மகரந்தச் சேர்க்கை என்பது உழவர் வாய்வரை வந்துவிட்ட தொடர். அதைக் கலைக்க வேண்டாம்.

தொடர்சொற்களில், ஸ்போர் உண்டாகும் பையான ஸ்போராஞ்சியத்துக்கு முளைத்துகள்பை, நீரில் நீந்தும் வகைக்கு நீந்துமுளைத்துகள் என்று வைக்கலாம். ஸ்போரை உண்டாக்கும் செடியான ஸ்போரோபைட்டுக்கு 'முளைத்துகள்தரு தாவரம்' என்று வைத்துப் பார்த்தேன், நீளம்தான். 'முளை'யை விட்டுவிட்டால் இயற்பியலின் துகளோடு மோதும். இதைச் சுருக்க யாருக்காவது வழி தோன்றினால் எழுதுங்கள்.

அப்புறம் ஒன்று. வயல்வரப்பில் நாலிலையாக முளைக்கும் ஆரைக்கீரையும் பெரணிக் குடும்பம்தான், பூக்காது. அதன் அடித்தண்டில் அவரைக்கொட்டை மாதிரி கெட்டியாக ஒன்று காய்த்திருக்கும். ஆண், பெண் இருவகை முளைத்துகள்களும் அதற்குள்தான் இருக்கின்றன. பாடநூலில் அதற்கு ஸ்போரோகார்ப் என்று பெயர். கீரை பறிக்கிறவர்கள் உங்கள் ஊரில் அதை என்ன சொல்கிறார்கள் என்று கேட்டு எழுதுவீர்களா? அப்படி ஒரு பேர் இருந்தால் அதையே எடுத்துக்கொள்ளலாம்.