மகனின் கால் பெருவிரல் நகத்தடியில் அமுங்காத கட்டி: யாருக்காவது அனுபவம் உண்டா?

பட்டர்வொர்த்_அம்மா:

எல்லாருக்கும் வணக்கம். என் மகனுக்கு 16 வயது, நான்காம் படிவம். பள்ளிக் காற்பந்துக் குழுவில் ஆடுகிறான். போன வருடக் கடைசியில் வலது கால் பெருவிரல் நகத்துக்கு அடியில், நுனிப் பக்கமாக, சின்னதாக ஒரு மேடு தெரிந்தது. அப்போது பச்சைப்பயறு அளவுதான். இப்போது நகத்தின் ஒரு ஓரத்தையே மேலே தூக்கிவிட்டது. பூட்ஸ் போட்டு ஓடினால் வலி தாங்கவில்லை என்கிறான், வீட்டில் சிலிப்பரோடு இருந்தால் பெரிதாக வலி இல்லை.

முதலில் பக்கத்துக் கிளினிக்கில் நகம் சதைக்குள் வளர்கிறது என்று சொல்லி ஆண்டிபயாட்டிக் கொடுத்தார்கள். மாத்திரை முடிந்தும் கட்டி அப்படியே இருந்தது. வேறு இடத்தில் காட்டினோம், மரு என்று சொல்லித் தடவ மருந்து தந்தார்கள். அதைத் தடவியதில் மேல்தோல் உரிந்து புண்ணானதுதான் மிச்சம். அடுத்து எங்கே போவது, தோல் டாக்டரா, எலும்பு டாக்டரா என்றே புரியவில்லை. இதே மாதிரி யாருக்காவது வந்திருந்தால் சொல்லுங்கள்.

ஜெலுத்தோங்_அண்ணன்:

தங்கச்சி, இது நகச்சுத்தியாக இருக்கும். எலுமிச்சம்பழத்தில் ஓட்டை போட்டு விரலைச் சொருகி ராத்திரி முழுக்க விடுங்கள். கொஞ்சம் மஞ்சளும் வைக்கலாம். எங்கள் பாட்டி காலத்திலிருந்து செய்வதுதான்.

ஓய்வுபெற்ற_மிஸ்ஸி:

அண்ணே, நல்ல மனதோடுதான் சொல்கிறீர்கள். ஆனால் பையனுக்கு ஏற்கெனவே தோல் உரிந்து புண் இருக்கிறது. அதில் எலுமிச்சைச் சாறு பட்டால் எரிச்சலும் புண்ணும்தான் கூடும். நகச்சுத்தி என்றால் நகத்தின் ஓரச் சதை சிவந்து, வீங்கி, விண்விண்ணென்று தெறிக்கும், சில நாளில் சீழ் கோக்கும். மாதக்கணக்கில் மெதுவாக வளர்கிற மேடு அந்த வகை இல்லை.

பெரியவர்களுக்காக இன்னொன்றும் சொல்ல வேண்டும். 2023-ல் அரசாங்கம் எடுத்த தேசிய சுகாதார ஆய்வின்படி நம் மலேசியாவில் பெரியவர்களில் 15.6 விழுக்காட்டினருக்கு இனிப்புநீர், அதாவது நீரிழிவு இருக்கிறது, ஏறக்குறைய ஆறு பேரில் ஒருவர். அவர்கள் கால்விரல் புண்ணில் எலுமிச்சை, சுண்ணாம்பு, எதையுமே வைத்துக் கட்டக்கூடாது. எலும்பு வார்டில் பல வருடம் நர்ஸாக வேலை பார்த்தவள் நான். சின்னப் புண்ணாக ஆரம்பித்து விரலையே எடுக்க வேண்டிவந்தவர்களைப் பார்த்த வேதனையில் சொல்கிறேன்.

பட்டர்வொர்த்_அம்மாவுக்குச் சில கேள்விகள். கட்டி நகத்துக்கு அடியிலா, நகத்தின் ஓரச் சதையிலா? இரண்டாம் விரலை ஒட்டிய பக்கமா, அதற்கு மறுபக்கமா? கையால் அழுத்தினால் அமுங்குகிறதா? அசைகிறதா? மேலே கரும்புள்ளிகள் தெரிகின்றனவா? முன்பு அந்த விரலில் அடி பட்டதுண்டா?

பட்டர்வொர்த்_அம்மா:

மிஸ்ஸி, இன்று குளித்துவிட்டு வந்ததும் நல்ல வெளிச்சத்தில் வைத்துப் பார்த்தேன். நகத்துக்கு அடியில்தான், இரண்டாம் விரல் பக்கம் இல்லை, மறுபக்கம். அமுங்கவே இல்லை, அசையவும் இல்லை, எலும்போடு ஒட்டியிருக்கிற மாதிரி இருக்கிறது. மேலே தோல் வழவழப்பாக, மெல்லிய சிவப்பாக இருக்கிறது, கரும்புள்ளி எதுவும் இல்லை. இரண்டு வருடம் முன்னால் எதிர் அணிப் பையன் மிதித்து அந்த நகம் கறுத்து விழுந்தது. இதை நீங்கள் கேட்ட பிறகுதான் அவனே சொன்னான்.

ஓய்வுபெற்ற_மிஸ்ஸி:

பார்க்காமல் நான் தீர்ப்புச் சொல்ல முடியாது. ஆனால் நீங்கள் சொன்ன அத்தனையும் ஒரே பக்கம் கை காட்டுகிறது. பதின்ம வயது, கால் பெருவிரல், உள்பக்க நுனி, அமுங்காத மேடு, பழைய அடி. இதற்கு சப்அங்குவல் எக்ஸோஸ்டோசிஸ் என்று பெயர். விரலின் கடைசி எலும்பு நுனியிலிருந்து, குருத்தெலும்புத் தொப்பியோடு, ஒரு எலும்பு மேடு முளைத்து நகத்தை அடியிலிருந்து தள்ளும். புற்று இல்லை, பயப்படாதீர்கள். 1817-லேயே பிரெஞ்சு அறுவை மருத்துவர் டுபுய்த்ரென் இதைப் பற்றி எழுதிவைத்திருக்கிறார். அடி, இறுக்கமான காலணியின் உரசல், பழைய கிருமித்தொற்று ஆகியவை தூண்டலாம் என்கிறார்கள். அடியே படாதவர்களுக்கும் வருவதுண்டு. சில கட்டிகளை ஆராய்ந்ததில் அந்தச் செல்களில் குரோமோசோம் இடமாற்றமும் (மரபுப்பொருளின் துண்டுகள் இடம் மாறியிருப்பது) காணப்பட்டிருக்கிறது. அதனால் காற்பந்து ஆடியதால்தான் வந்தது என்று பையனைத் திட்டிவிடாதீர்கள்.

மரு மருந்து மேல்தோலைத்தான் அரிக்கும், எலும்பை ஒன்றும் செய்யாது. உடனே நிறுத்துங்கள். புண் வழியாகக் கிருமி எலும்புவரை போனால் கதையே வேறு. மரு என்றால் மேற்பரப்பு சொரசொரப்பாக இருக்கும், உள்ளே கரும்புள்ளிகள் தெரியும். அவை அடைபட்ட நுண் இரத்தக்குழாய்கள். சதைக்குள் வளரும் நகம் என்றால் ஓரச் சதையில்தான் வீக்கமும், தொட்டால் இரத்தம் கசியும் செஞ்சதையும் இருக்கும். இரண்டுமே உங்கள் மகனுக்கு இல்லை.

முதலில் வேண்டியது எக்ஸ்ரே. மொத்தப் பாதத்துக்கும் எடுத்தால் விரல்கள் ஒன்றன்மேல் ஒன்று விழுந்து இந்த மேடு மறைந்துவிடலாம். பெருவிரலை மட்டும் பக்கவாட்டில் எடுக்கச் சொல்லுங்கள், மற்ற விரல்களைத் துணி போட்டு மடக்கிப் பிடித்துக்கொள்வார்கள். பக்கத்திலுள்ள அரசாங்க கிளினிக்கில் 1 வெள்ளி (ரிங்கிட்) கட்டிப் பதிந்து, இங்கே எழுதியதையெல்லாம் அப்படியே டாக்டரிடம் சொல்லுங்கள். நிபுணரிடம் அனுப்பும் ருஜுக்கான் (பரிந்துரை) கடிதம் கொடுத்தால் எலும்புப் பிரிவு நிபுணரைப் பார்க்க 5 வெள்ளி. காத்திருக்க வேண்டிவரும், ஆனால் இது அவசர நோய் இல்லை. அதுவரை அகலமான செருப்பு போடட்டும், ஆட்டம் வேண்டாம், புண்ணைச் சுத்தமான தண்ணீரில் கழுவி மெல்லிய துணிக்கட்டு போட்டால் போதும்.

கேஎல்_சுபா:

இதைப் படித்ததும் என் கதையையும் எழுதத் தோன்றியது, ஏனென்றால் எனக்குக் கட்டியே கண்ணுக்குத் தெரியவில்லை. இடது மோதிர விரல் நகத்தடியில் வலி, அவ்வளவுதான். ஆபீஸ் ஏர்கோன் காற்று பட்டால், ஐஸ் போட்ட தண்ணீர்க் குவளையைப் பிடித்தால், உயிர் போகும். எல்.ஆர்.டி. ரயிலில் யாராவது பை இடித்தால் கண்ணீரே வந்துவிடும். வருடக்கணக்கில் நரம்புத் தளர்ச்சி, மனக்கவலை என்றெல்லாம் சொன்னார்கள். கடைசியில் ஒரு கை அறுவை நிபுணர் பேனா முனையால் நகத்தின் மேல் ஒவ்வொரு இடமாகத் தொட்டார். ஒரே ஒரு புள்ளியில் நான் அலறிவிட்டேன், ஒரு நூல் தள்ளித் தொட்டால் ஒன்றுமில்லை. அப்புறம் கையைத் தூக்கச் சொல்லி, இரத்த அழுத்தப் பட்டையை இறுக்கி இரத்த ஓட்டத்தை நிறுத்தியதும் வலி நின்றது. எம்.ஆர்.ஐ.யில் சில மில்லிமீட்டரே உள்ள குளோமஸ் கட்டி தெரிந்தது. நகத்தைத் தூக்கி அதை எடுத்துவிட்டார்கள். இப்போது ஐஸ் கச்சாங் சாப்பிடும்போது கிண்ணத்தைக் கையில் பிடிக்க முடிகிறது.

ஓய்வுபெற்ற_மிஸ்ஸி:

சுபாம்மா, நல்லவேளை எழுதினீர்கள். தோலுக்கு அடியில் இரத்த ஓட்டத்தைக் கூட்டிக் குறைத்து உடல் சூட்டைச் சமன்செய்யும் நுண்ணிய முடிச்சுகள் உண்டு. அவற்றிலிருந்து வருவதுதான் குளோமஸ் கட்டி, அதனால்தான் குளிரில் அப்படி வலிக்கிறது. நடுத்தர வயதுப் பெண்களின் கைவிரல் நகத்தடியில்தான் அதிகம். குளிரில் வலி, ஒரே புள்ளியில் வலி, விட்டுவிட்டு வரும் கொடிய வலி, இந்த மூன்றும் சேர்ந்தால் மனக்கவலை என்று யார் சொன்னாலும் விட்டுவிடாதீர்கள்.

பிறை_குமார்:

மிஸ்ஸி, இதையும் கேட்டுவிடுகிறேன். என் அம்மாவுக்கு 58 வயது. வலது கட்டைவிரல் நகத்தில் கருப்பாக ஒரு கோடு. கட்டி இல்லை, வலியும் இல்லை. திருவிழா, கல்யாணம் என்று எப்போதும் மருதாணி இருப்பதால் கோடு எப்போது வந்தது என்று அவருக்கே தெரியவில்லை. விடலாமா?

ஓய்வுபெற்ற_மிஸ்ஸி:

குமார் தம்பி, விடாதீர்கள். நம் மாதிரி கருத்த தோல்காரர்களுக்குப் பல நகங்களில் மெல்லிய பழுப்புக் கோடுகள் இருப்பது சாதாரணம்தான். ஆனால் ஒரே ஒரு விரலில், அதுவும் கட்டைவிரலிலோ கால் பெருவிரலிலோ, புதிதாக வந்த கோடு, நாளுக்கு நாள் அகலமாவது, நகத்தின் அடிச்சதைக்கும் கருமை பரவுவது, நகம் பிளப்பது, இவையெல்லாம் மெலனோமா என்ற தோல் புற்றின் அறிகுறியாக இருக்கலாம். ஆசியர்களுக்கும் கறுப்பினத்தவர்களுக்கும் மெலனோமா வந்தால் உள்ளங்கால், உள்ளங்கை, நகத்தடி ஆகிய இடங்களில்தான் பெரும்பாலும் வரும். வெயில் படாத இடம் என்று நினைத்து அசட்டையாக இருந்துவிடுகிறோம். பாடகர் பாப் மார்லிக்கு 1977-ல் கால் பெருவிரல் நகத்தடியில் இதுதான் கண்டுபிடிக்கப்பட்டது. காற்பந்து ஆடிய காயம் என்றே முதலில் நினைத்திருந்தார். 1981-ல், 36 வயதில் இறந்துபோனார்.

மருதாணியை இப்போதைக்கு நிறுத்தச் சொல்லுங்கள். கைநகம் மாதத்துக்கு ஏறக்குறைய 3 மில்லிமீட்டர் வளரும். மருதாணிச் சிவப்பும், அடிபட்டுக் கட்டிய இரத்தமும் நகத்தோடு முன்னே நகரும், அடியில் வெள்ளையாகப் புது நகம் தெரியும். நிறமிக் கோடு அப்படி இல்லை, வேரிலிருந்தே தொடர்ந்து வந்துகொண்டிருக்கும். அளவுகோலைப் பக்கத்தில் வைத்து இன்றே ஒரு படம் எடுங்கள். ஆனால் மாதக்கணக்கில் படம் எடுத்துக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டாம். தேதி வாங்கித் தோல் டாக்டரிடம் காட்டுங்கள், தேவைப்பட்டால் வேர்ப்பகுதியில் சிறு துணுக்கு எடுத்துச் சோதிப்பார்கள்.

பிரிக்பீல்ட்ஸ்_சமையல்:

நான் வாழை இலை உணவகத்தில் பாத்திரம், காய்கறி என்று நாள் முழுக்கத் தண்ணீரில் நிற்பவள். எனக்கு நகத்தடியில் இல்லை, நகத்தின் வேர்ப்பக்கத்தில் மூன்று விரலில் தடிப்பு. வலி குறைவு, ஆனால் போவதே இல்லை, நகமும் அலை அலையாகிவிட்டது.

ஓய்வுபெற்ற_மிஸ்ஸி:

அது ஈரத்தால் வரும் நாள்பட்ட நகச்சுத்தி மாதிரி இருக்கிறதம்மா. நகத்தையும் சதையையும் ஒட்டவைத்திருக்கும் மெல்லிய தோல் ஈரத்திலும் சோப்பிலும் போய்விடும், அந்த இடுக்கு திறந்தே கிடக்கும். பூஞ்சைத் தொற்றுக்கான கிரீம் மட்டும் தடவிப் பலனில்லை. பெரும்பாலும் டாக்டர் வீக்கத்துக்கு ஸ்டீராய்டு கிரீம் தருவார், ஆனால் கை காயாவிட்டால் அதுவும் வீண். பருத்திக் கையுறை போட்டு அதன்மேல் ரப்பர் கையுறை போடுங்கள், உள்ளே வியர்த்தால் மாற்றுங்கள். அந்தத் தோலை ஊக்கால் தள்ளாதீர்கள். நகம் சீராக ஆறு மாதம் ஆகும். கடைசி மூட்டுக்குப் பக்கத்தில் கண்ணாடி மாதிரி நீர்க்கொப்புளம் இருந்து, அதற்கு நேராக நகத்தில் பள்ளம் விழுந்தால் அது மூட்டிலிருந்து வரும் மிக்சாய்டு நீர்க்கட்டி. அதை வீட்டில் ஊசியால் குத்தினால் கிருமி நேரே மூட்டுக்குப் போகும்.

பட்டர்வொர்த்_அம்மா:

மிஸ்ஸி, எக்ஸ்ரே எடுத்தாகிவிட்டது. நீங்கள் சொன்ன மாதிரியே பக்கவாட்டுப் படம் கேட்டேன். நுனி எலும்பிலிருந்து மேல்நோக்கி ஒரு முளை தெளிவாகத் தெரிகிறது. எலும்பு டாக்டர் அதே பெயரைத்தான் சொன்னார். பள்ளி விடுமுறையில் ஆபரேஷன். மயக்கம் கொடுக்காமல் விரலை மட்டும் மரத்துப்போகச் செய்வார்களாம். மறுபடி வருமா, நகம் போய்விடுமா என்று பையன் கேட்டுக்கொண்டே இருக்கிறான். அவனுக்கு என்ன சொல்வது?

ஓய்வுபெற்ற_மிஸ்ஸி:

அவனிடம் உள்ளதை உள்ளபடி சொல்லுங்கள். விரலின் அடியில் இரு பக்கமும் போடும் ஊசிதான் கொஞ்சம் வலிக்கும், அப்புறம் தொடுவது தெரியும், வலி தெரியாது. நகத்தில் ஒரு பகுதியை எடுத்துவிட்டு, முளையை அடிவரை, குருத்தெலும்புத் தொப்பியோடு சுரண்டி எடுப்பார்கள். மிச்சம் விட்டால் மறுபடி வளரக்கூடும், அதனால் இந்த இடத்தில் டாக்டர்கள் கவனமாகவே இருப்பார்கள். எடுத்ததை ஆய்வுக்கூடத்துக்கு அனுப்புவார்கள், அந்த முடிவைக் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். நகம் திரும்ப வளரும், ஆனால் கால் நகம் மெதுவானது, முழுதாக வர ஒரு வருடத்துக்கு மேலேயே ஆகும். கட்டி நகத்தின் படுகையை ரொம்ப நாள் அழுத்தியிருந்தால் புது நகம் கொஞ்சம் கோணலாக வரலாம். அதையும் இப்போதே அவனுக்குச் சொல்லிவிடுங்கள்.

முதல் இரண்டு மூன்று நாள் காலைத் தலையணை மேல் உயர்த்தி வைக்கட்டும். துணிக்கட்டை நனைய விடாதீர்கள், குளிக்கும்போது பிளாஸ்டிக் பை கட்டுங்கள். வலி குறைந்துவந்து திடீரென்று கூடினாலோ, சீழ் வாடை அடித்தாலோ, காய்ச்சல் வந்தாலோ, விரல் நீலம் பாரித்தாலோ அடுத்த தேதிக்குக் காத்திருக்காமல் ஜி.எச். (அரசாங்கப் பெரிய மருத்துவமனை) அவசரப் பிரிவுக்குப் போய்விடுங்கள். பூட்ஸ் போடுவதும் பந்து தொடுவதும் டாக்டர் சரி சொன்ன பிறகுதான். அதற்குள் அவனுடைய பழைய பூட்ஸின் அளவையும் பாருங்கள், வளர்கிற பையன். மாலையில் கால் சற்று வீங்கியிருக்கும் நேரத்தில் கடைக்குக் கூட்டிப்போய், நுனியில் கட்டைவிரல் அகலம் இடம் விட்டு வாங்குங்கள்.

பட்டர்வொர்த்_அம்மா:

அப்படியே செய்கிறேன் மிஸ்ஸி. ஆய்வுக்கூட முடிவு வந்ததும் இங்கேயே எழுதுகிறேன். குமார் தம்பி, அம்மாவைத் தோல் டாக்டரிடம் காட்டினீர்களா?

பிறை_குமார்:

தேதி வாங்கிவிட்டேன் அக்கா. அடுத்த வாரம் செவ்வாய்க்கிழமை. மருதாணியையும் நிறுத்தியாச்சு.