மதகடியில் 2 அடி, கடைமடையில் ஈரம் மட்டும்: அனுபவப் பகிர்வு (இணையத் திரி; ஒவ்வொரு பதிவுக்கும் மேலே இருப்பது எழுதினவர் புனைபெயர்)

கடைமடை
கிருஷ்ணகிரி கே.ஆர்.பி. அணைக்குக் கீழே ஒரு கிளை வாய்க்கால். எதுன்னு சொன்னா வேற சண்டை கிளம்பும், விடுங்க. தலைமதகுப் பக்கத்து அளவுகோல் சரியா 2 அடி காட்டுது. பதிவேட்டிலும் 2 அடி. இந்த மட்டத்துக்கு இவ்வளவு ஓட்டம்னு சொல்ற அட்டவணைப்படி கடைசி வயல் வரைக்கும் பாயணும். ஆனா கடைசி மடையில மாட்டுக் குளம்புப் பள்ளத்துல தேங்கினதுதான் தண்ணி, மத்ததெல்லாம் வெறும் ஈரக்கோடு. மேல்மடைக்காரன் திருடிட்டான்னு ஒரே கூச்சல்.

திருட்டும் கொஞ்சம் இருக்கும், இல்லேங்கல. ஆனா அளவுகோலுக்குக் கீழே கொஞ்ச தூரத்துல கோரையும் ஆகாயத்தாமரையும் வாய்க்காலை அடைச்சிருந்தது. அங்க தண்ணி எதுத்து நின்னா மட்டம் ஏறும், ஓட்டம் ஏறாது. அட்டவணை போட்டது தூர்வாரின வாய்க்காலுக்கு. அதே 2 அடிக்கு இப்ப ஓடுறது அதைவிடக் குறைச்சல்.

சந்தேகம் இருந்தா இப்படிப் பாருங்க. நேரா, அகலம் மாறாம போற 30 மீட்டர் துண்டு ஒண்ணு தேர்ந்தெடுத்து ரெண்டு முனையிலும் கயிறு கட்டுங்க. பாதித் தண்ணி நிரப்பி மூடின பாட்டிலை நடுவுல விடுங்க. காலி பாட்டில் வேண்டாம், காத்து தள்ளிடும். நாலஞ்சு தடவை விட்டு நேரத்தைச் சராசரி எடுங்க. 50 விநாடின்னு வெச்சுக்கங்க, மேல்மட்ட வேகம் விநாடிக்கு 0.6 மீட்டர். அடியிலும் கரையோரத்திலும் மெதுவா போறதால 0.85-ஆல பெருக்கினா 0.51. அகலம் 3 மீட்டர், சராசரி ஆழம் 0.6 மீட்டர்னா குறுக்குப் பரப்பு 1.8. ரெண்டையும் பெருக்கினா விநாடிக்கு 0.92 கனமீட்டர், அதாவது சுமார் 32 கன அடி. அட்டவணை இதைவிட ரொம்ப அதிகமா சொன்னா, மேல்மடைக்காரனைத் திட்டுறதுக்கு முன்னாடி அரிவாளை எடுத்துக்கிட்டு கோரைக்குள்ள இறங்குங்க.

பாகலூர் ரோடு
எங்க பக்கம் அளவு பிரச்சினை இல்லண்ணா, தரம். ஓசூர் பக்கத்து கெலவரப்பள்ளி அணையில மதகைத் தூக்கினதும் தரைப்பாலமே தெரியாத அளவுக்கு வெள்ளை நுரை. பைக்கில வந்தவர் பாலம் எங்க முடியுதுன்னு தெரியாம அப்படியே நின்னுட்டார். பெங்களூரு கழிவுநீர் பெல்லந்தூர், வர்த்தூர் ஏரி வழியா தென்பெண்ணைக்கு வருது. அதுல இருக்கிற சோப்பும் டிடர்ஜென்ட்டும் மதகடியில விழுந்து காத்தோட கலக்குறப்ப நுரை தள்ளுது. தேங்கிக் கிடந்த நாள்ல இதே தண்ணி பார்க்க சுத்தமாத்தான் தெரியும்.

நுரையைப் பாட்டில்ல அள்ளி லேபுக்குக் கொடுக்காதீங்க, அது எதையும் காட்டாது. ஓட்டத்தின் நடுவுல, மேல்மட்டத்துக்கு ஒரு அடி கீழே, காத்துக்குமிழ் இல்லாம பாட்டில் தளும்ப நிரப்பி மூடணும். கரைஞ்ச ஆக்ஸிஜன் பார்க்கணும்னா மருந்தை அந்த இடத்துலயே ஊத்தி அளவு மாறாம நிலைநிறுத்தணும். மத்த மாதிரியை ஐஸ்ல வெச்சு 24 மணி நேரத்துக்குள்ள சேர்க்கணும்.

ஒகேனக்கல்
கடைமடை அண்ணா, உங்க வாய்க்காலுக்கு நீங்க சொன்னது சரி. ஆனா இதைப் படிச்சிட்டு அளவுகோலே பொய்னு கிளம்பிடுவாங்க. காவிரி தமிழ்நாட்டுக்குள்ள வர்ற எல்லையில இருக்கிற பிலிகுண்டுலு நிலையத்துல மத்திய நீர் ஆணையம் மட்டத்தை மட்டும் படிக்கிறதில்ல. ஆத்தின் குறுக்கே பல இடத்துல வேகமானியை இறக்கி அளக்குறாங்க. ஆழம் குறைவுன்னா மேலிருந்து 0.6 பங்கு ஆழத்துல ஒரு தடவை, அதிகம்னா 0.2, 0.8 ரெண்டிலும் எடுத்துச் சராசரி. அதை வெச்சுத்தான் மட்டத்துக்கும் ஓட்டத்துக்குமான தொடர்பைத் திருத்திக்கிட்டே இருக்காங்க. உங்க வாய்க்கால்ல பழுது அளவுகோல் இல்ல, அட்டவணையைத் திருத்த ஆள் இல்லாததுதான்.

இங்க கண்ட கூத்து வேற. ஆடி மாசம் அருவியே தெரியாம வெள்ளம், பரிசல் நிறுத்தியாச்சு. வேடிக்கை பார்க்க வந்த ஒருத்தர், "இதுக்கு மேல என்னய்யா தண்ணி கேக்குறீங்க" ங்கறார். கணக்கு அப்படி இல்லீங்க. 2018 பிப்ரவரி 16 உச்ச நீதிமன்றக் காவிரித் தீர்ப்புப்படி பிலிகுண்டுலுவுக்கு வரவேண்டியது வருஷத்துக்கு 177.25 டி.எம்.சி. (ஒரு டி.எம்.சி.ன்னா நூறு கோடி கன அடி). அதையும் மாசாமாசம் பிரிச்சிருக்கு: ஜூன் 9.19, ஜூலை 31.24, ஆகஸ்ட் 45.95, செப்டம்பர் 36.76, இப்படிப் போய் பிப்ரவரி முதல் மே வரை மாசம் 2.5. ஜூன்ல வராத தண்ணி ஆகஸ்ட்ல மொத்தமா வந்தா வருஷக் கணக்கு நேராகும், ஜூன் 12-ல மேட்டூர் திறக்குறதை நம்பி நாத்து விட்டவனுக்கு நேராகாது.

கன அடியையும் டி.எம்.சி.யையும் குழப்புறவங்களுக்கு ஒரே எண் போதும்: விநாடிக்கு 11,574 கன அடி ஒரு நாள் முழுக்க ஓடினா 1 டி.எம்.சி. ஆகஸ்ட்டின் 45.95-க்கு மாசம் பூரா சராசரி விநாடிக்கு 17,150 கன அடி வரணும். ஒரே நாள் 50,000 வந்து மறுநாள் 5,000-க்கு இறங்கினா செய்தியில பெரிய எண்ணு மட்டும்தான் வரும்.

பென்னாகரம்
ஆத்துத் தண்ணி பேசுறோம், குடிக்கிற தண்ணியையும் பேசுங்க. ஊராட்சி மேல்நிலைத் தொட்டி ஒண்ணுல ஒகேனக்கல் குழாயும் போர்வெல் குழாயும் ஒரே வாயில விழுது. வெளியே சுவத்துல "ஒகேனக்கல் குடிநீர்"னு பெயிண்ட். பரிசோதனைக் கிட்டுல மருந்தை ஊத்தினதும் சிவப்பு வெளுத்துப் போச்சு, அதாவது ஃப்ளோரைடு நிறைய.

இந்த ஒகேனக்கல் குடிநீர்த் திட்டம் 2013-ல தண்ணி கொடுக்க ஆரம்பிச்சதே பல்லு கறை, வளைஞ்ச கால் ரெண்டையும் தடுக்கத்தான். லிட்டருக்கு 1 மில்லிகிராம் வரை நல்லது, வேற வழியே இல்லேன்னா 1.5. போர்ல 3-ம் ஆத்துல 0.4-ம் இருக்குன்னு வைங்க. பாதிக்குப் பாதி கலந்தா 1.7, தேறாது. ரெண்டு பங்கு ஆறு, ஒரு பங்கு போர்னா 1.27, தப்பிச்சோம். ஆனா மோட்டார் போடுறவர் பங்கு பார்த்தா போடுறார்? கரண்ட் இருக்கிறப்ப போர் ஓடும், மெயின் லைன்ல அழுத்தம் வர்றப்ப ஆத்துத் தண்ணி வரும். கலவை தினம் மாறும். அதனால தொட்டியிலயே கலக்காதீங்க. போருக்குத் தனிச் சின்டெக்ஸ் வெச்சு துணி துவைக்க விடுங்க. ரெண்டு லைனையும் வெறும் வால்வு போட்டுப் பிரிச்சா பத்தாது, யாராவது திறந்துடுவாங்க. இணைப்பையே வெட்டி எண்ட் கேப் போட்டு ஒட்டிடுங்க. மாதிரியைத் தொட்டியில எடுக்காம தெருக்கோடிக் குழாய்ல எடுங்க. கோடையில ஒண்ணு, மழைக்கப்புறம் ஒண்ணு. காய்ச்சினா ஃப்ளோரைடு போகாது, தண்ணி வத்துற அளவுக்குச் செறிவு கூடத்தான் செய்யும். இதை இன்னும் எத்தனை வீட்டுல சொல்றது.

பழைய ஷட்டர்
திரி மதகைப் பத்தினது, பென்னாகரம் சார் கிளாஸ் எடுத்துட்டார். நல்ல கிளாஸ்தான், ஆனா தனித் திரி போடுங்க.

2017 நவம்பர்ல கே.ஆர்.பி. முதல் மதகு உடைஞ்சப்ப, அணை நிறைஞ்ச சமயம், மட்டம் 52 அடி கிட்ட. உடைஞ்ச சந்துல தண்ணி மஞ்சளா சீறினதைப் பார்த்தவங்க இன்னும் அதைத்தான் சொல்றாங்க. புது மதகு மாட்டணும்னா தண்ணியை மதகின் அடிமட்டத்துக்குக் கீழே இறக்கியாகணும். அதுக்கு மேல சேர்த்த தண்ணி அவ்வளவும் கீழே சாத்தனூர் அணைப் பக்கம் போச்சு. இரும்புத் தகடு பெரும்பாலும் நடுவுல முதல்ல அரிக்கிறதில்ல. தண்ணிக் கோடும் அடி ரப்பர் சீல் பிடிக்கிற இடமும்தான் முதல்ல போகும். வருஷா வருஷம் பெயிண்ட் அடிக்கிறதைவிட, அணை வத்தினப்ப அந்த ரெண்டு இடத்தையும் சுத்தியலால தட்டிச் சத்தம் கேக்குறது மேல்.

வேப்பனப்பள்ளி
தென்பெண்ணையில சேர்ற மார்கண்டேய நதியை யாரும் எடுக்கல. கர்நாடகாவுல எரகோல்ல அணை, சுமார் அரை டி.எம்.சி., கோலார் பக்கத்துக் குடிநீருக்கு. மழை வருஷத்துல அது இருக்கிறதே தெரியாது. வறட்சி வருஷத்துல இங்க முதல்ல காயுறது ஆத்தோரக் கிணறு. 2019 நவம்பர் 14 உச்ச நீதிமன்றம் தமிழ்நாட்டு மனுவைத் தள்ளி, 1956 மாநிலங்களுக்கிடையிலான நதிநீர்த் தகராறு சட்டப்படி தீர்ப்பாயம் கேளுங்கன்னது. தீர்ப்பாயம் வந்தாலும் முதல் கேள்வி எத்தனை வருஷ ஓட்டக் கணக்கு கையில இருக்குங்கறதுதான். ஒகேனக்கல் தம்பி சொன்ன மாதிரி வேகமானி இறக்கின கணக்கு வேணும், பாலத்துத் தூண்ல சுண்ணாம்புக் கோடு போட்டுப் படிச்சது செல்லாது.

கடைமடை
அட்டவணை பத்தி ஒகேனக்கல் சொன்னதை ஏத்துக்கறேன். ஆளுக்கு ஆள் மாத்தி விடுற முறைத் தண்ணி பத்தி ஒண்ணு. எங்க ஆயக்கட்டுல தலைமடையிலிருந்து முறை விடுறாங்க, கடைசி ஆள் முறை வர்றப்ப நடுவுல இருக்கிறவன் மடையெல்லாம் பாதி திறந்தே கிடக்கும். கடைமடையிலிருந்து ஆரம்பிச்சு மேலே வாங்க. வாய்க்கால் முழுநீளமும் ஒரே தடவை நனையும். அது நனையிற நேரத்தை யார் முறையிலும் சேர்க்காம பொதுவுல கழிச்சிடணும், இல்லேன்னா முதல் முறைக்காரனுக்கு மண்ணு குடிச்சது போகத்தான் மிச்சம். தன் முறை முடிஞ்ச மடையை மூடி மண்ணு அணைச்சுட்டுத்தான் அடுத்த ஆள் திறக்கணும். மடை திறந்து மூடுற நீர்க்கட்டி ஆளுக்கு நேரக் குறிப்பு நோட்டு கொடுங்க, கைபேசியில போட்டோ வேண்டாம், ராத்திரி அதுல ஒண்ணும் விழாது.