லிண்டன் ஜான்சனை எந்தக் கணக்கில் எழுதுவது?

பழையபேப்பர்:
ஒரு வாரமாக அமெரிக்காவின் முன்னாள் ஜனாதிபதி ஜான்சனைப் பற்றியே படித்துக்கொண்டிருக்கிறேன், தலை சுற்றுகிறது. 1964இல் இனப்பாகுபாட்டைத் தடுத்த சிவில் உரிமைச் சட்டம், மறுவருடமே வாக்குரிமைச் சட்டம், முதியோருக்கு மெடிகேர் என்ற அரசு மருத்துவக் காப்பீடு. வியட்நாமில் பதினாறாயிரம் பேராக இருந்த அமெரிக்கப் படையை ஐந்து லட்சத்துக்கு மேல் கொண்டுபோனதும் இதே ஆள்தான். எப்படி?

மொட்டைமாடி:
முதலில் அந்தச் சட்டங்களைச் சாதாரணமாக நினைக்காதீர்கள். சிவில் உரிமைச் சட்டத்தை எதிர்த்தவர்கள் அவருடைய சொந்தக் கட்சியின் தென்மாநிலத்துக்காரர்கள், செனட்டில் 60 நாள் பேசியே இழுத்தடித்தார்கள். ஆறடி மூன்றங்குல உயரம், எதிராளியின் மூக்கோடு மூக்கு உரசுகிற மாதிரி குனிந்து நின்று பேசியே ஓட்டு வாங்கிவிடுவார். மிசிசிப்பியில் 1965க்கு முன் கறுப்பர்களில் நூற்றுக்கு ஏழு பேர்கூட வாக்காளர் பட்டியலில் இல்லை, 1967இல் கிட்டத்தட்ட அறுபது பேர். மெடிகேர் பணம் வேண்டுமென்றால் வெள்ளையருக்கு ஒரு வார்டு, கறுப்பருக்கு ஒரு வார்டு என்று வைக்கக் கூடாது என்றதும் ஆஸ்பத்திரிகள் மளமளவென்று மாறின. வியட்நாமுக்காக இதையெல்லாம் அழித்துவிட முடியாது.

ரேஷன்கார்டு:
நம் பக்கமும் கொஞ்சம் பாருங்கள். 1965 குடியேற்றச் சட்டத்துக்கு முன் இந்தியாவுக்கு வருடத்துக்கு வெறும் 100 பேர்தான் ஒதுக்கீடு. கையெழுத்துப் போடும்போது இது ஒன்றும் புரட்சிகரமான சட்டமில்லை என்றார், இன்று அங்கே வீட்டுக்கடன் கட்டிக்கொண்டிருக்கும் நம்மவர்களிடம் கேட்டால் வேறு மாதிரி சொல்வார்கள். ஆனால் அதே காலத்தில்தான் இங்கே மழை பொய்த்துப் பஞ்சம், அவரோ கோதுமைக் கப்பலை மாதாமாதம் பிடித்துப் பிடித்து விட்டார். விவசாயக் கொள்கையை மாற்று என்று ஒரு நெருக்கடி, வியட்நாமைப் பற்றி இந்தியா வாய் திறந்த கோபம் இன்னொன்று.

மொட்டைமாடி:
கோதுமை விஷயம் சரிதான், அதற்கு நான் வக்காலத்து வாங்க மாட்டேன்.

பழையபேப்பர்:
எனக்கு உறுத்துவது 1964 மே 27ஆம் தேதி டெலிபோன் பதிவு. ராத்திரியெல்லாம் தூக்கமில்லை, வியட்நாம் சண்டை போடத் தகுந்த இடமாகத் தெரியவில்லை, வெளியே வரவும் வழி தெரியவில்லை என்று பாதுகாப்பு ஆலோசகர் மெக்ஜார்ஜ் பண்டியிடம் அவரே புலம்புகிறார். தனக்குப் பணிவிடை செய்யும் சார்ஜென்ட்டுக்கு ஆறு குழந்தைகள், அவனை எதற்காக அங்கே அனுப்ப வேண்டும் என்றும் கேட்கிறார். தெரியாமல் செய்தார் என்றாவது சொல்லலாம் என்று பார்த்தேன், அதற்கும் வழியில்லை. பத்தே மாதத்தில் வியட்நாமின் தனாங் கடற்கரையில் மரீன்கள் என்ற அமெரிக்கப் படையினர் இறங்கியாகிவிட்டது.