சி.ஆர்.பி. (உரிமையியல் சீராய்வு மனு) போட்டால் சிவில் வழக்கு விரைவில் முடியுமா? சேலம் நீதிமன்ற அனுபவங்கள்

ஏற்காட்டிலிருந்து ஓர் உறுப்பினர்:

எங்கள் தாத்தா விட்டுச்சென்ற காப்பித் தோட்டத்தின் பாகப்பிரிவினை வழக்கு, என் பள்ளிப் பருவத்திலிருந்தே அஸ்தம்பட்டி நீதிமன்ற வளாகத்தில் நடந்துவருகிறது. எதிர்த்தரப்பான சித்தப்பா வீட்டார் பதிலுரை தாக்கல் செய்யவே நீண்ட காலம் எடுத்துக்கொண்டார்கள். அதன்பின் ஒவ்வொரு கட்டத்திலும் ஓர் இடைக்கால மனு, அதற்கு ஓர் எதிருரை, அதற்கொரு வாய்தா என்றே வழக்கு போனது. சாட்சி சொல்ல வேண்டிய அப்பா காலைப் பேருந்தில் மலையிறங்கி வந்து, நீதிபதி விடுப்பு என்று கேட்டுத் திரும்பியதும் உண்டு.

இறுதியில் எங்கள் வழக்கறிஞர், கீழமை நீதிமன்றங்களை மேற்பார்வையிடும் அதிகாரத்தை உயர் நீதிமன்றத்துக்கு வழங்கும் அரசியலமைப்புச் சட்டத்தின் 227ஆவது பிரிவின்கீழ் சென்னையில் சீராய்வு மனு தாக்கல் செய்தார். யார் பக்கம் நியாயம் என்று நாங்கள் கேட்கவில்லை. குறிப்பிட்ட காலத்துக்குள் விசாரித்து முடிக்க உத்தரவிடுமாறு மட்டுமே கேட்டோம். அதனால் எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ்கூட அனுப்பாமல், ஆறு மாதத்தில் முடிக்குமாறு உத்தரவாயிற்று.

அதன்பின் வழக்கின் நடை மாறியது உண்மை. மாதக் கணக்கில் தள்ளிப்போன வாய்தாக்கள் வாரக் கணக்குக்கு வந்தன. அப்பாவின் குறுக்கு விசாரணையும் ஒருவழியாக முடிந்தது. குறித்த காலத்துக்குள் முடியாமல், நீதிபதியே உயர் நீதிமன்றத்துக்குக் கடிதம் எழுதிக் கூடுதல் அவகாசம் பெற்று, யாருக்கு எவ்வளவு பங்கு என்று மட்டும் சொல்லும் முதனிலைத் தீர்ப்பாணையை வழங்கினார். ஆனால் எந்தப் பகுதி யாருக்கு என்று அளந்து பிரிக்க நீதிமன்றம் நியமிக்கும் ஆணையர் வர வேண்டும். இறுதித் தீர்ப்பாணைக்குத் தனி மனு போட வேண்டும் என்றார்கள். உயர் நீதிமன்றத்தின் காலக்கெடு அந்த மனுவுக்குப் பொருந்தாதாம். வழக்கு மறுபடியும் பழைய வேகத்துக்குத் திரும்பிவிட்டது.

சேலத்திலிருந்து, ஓய்வு பெற்ற நீதிமன்ற ஊழியர்:

காலக்கெடு உத்தரவை எங்கள் மேசைப் பக்கத்திலிருந்தும் பார்க்க வேண்டும். அப்படியொரு வழக்கு வந்தால் அன்றைய பட்டியலில் முதலில் அதையே எடுப்பார்கள். நீதிமன்ற நேரமோ கூடுவதில்லை. ஆகவே சென்னைக்குப் போய் மனு போட வசதியில்லாத வேறொரு கட்சிக்காரரின் வழக்கு, அது இன்னும் பழையதாக இருந்தாலும், பின்னுக்குப் போகிறது. அதை நான் பலமுறை கண்டிருக்கிறேன். யாரிடமும் சொல்லத்தான் வழியில்லை. 2024 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, கீழமை நீதிமன்ற வழக்குகளுக்கு உயர் நீதிமன்றங்களும் உச்ச நீதிமன்றமும் சாதாரணமாகக் காலக்கெடு விதிக்கக் கூடாது, அசாதாரணச் சூழலில் மட்டுமே விதிக்கலாம் என்று சொன்னபோது, எனக்கு அது சரியாகவே பட்டது.

ஓமலூரிலிருந்து, வழக்கறிஞர்:

ஐயா சொல்வதை மறுக்கவில்லை. ஒரே ஒரு வழக்கை மட்டும் தூக்கி முன்னே வைப்பதைவிட, தேங்கிய வழக்குகள் அனைத்துக்கும் மேலிருந்து கணக்குக் கேட்பதே பயன் தரும். தாமதம் பற்றிய இரண்டு முக்கியத் தீர்ப்புகள் நம் சேலத்தோடு தொடர்புடையவை. சேலம் வழக்கறிஞர் சங்கம் தொடுத்த வழக்கில் 2005இல் வந்த தீர்ப்பு, பதிலுரைக்கான 90 நாள் வரம்பு கட்டாயமன்று, விதிவிலக்கான நிலையில் அதைத் தளர்த்தலாம் என்றது. அந்த விதிவிலக்கு பின்னர் எவ்வளவு தாராளமாகப் பயன்பட்டது என்பது நம் எல்லோருக்கும் தெரியும். சேலம் சார்பு நீதிமன்றத்தில் 2004இல் தாக்கலான, தீர்ப்பை நடைமுறைப்படுத்தக் கோரும் நிறைவேற்று மனு (இ.பி.) ஒன்று உச்ச நீதிமன்றம்வரை சென்றபோது, 2025 மார்ச்சில், நிலுவையிலுள்ள நிறைவேற்று மனுக்களின் விவரங்களைத் திரட்டி, அவற்றை ஆறு மாதத்துக்குள் முடிக்கச் செய்யுமாறு எல்லா உயர் நீதிமன்றங்களுக்கும் உத்தரவு பிறந்தது. என் கட்சிக்காரர் ஒருவரின் பழைய இ.பி.யில் அமீனா (தீர்ப்பை நிறைவேற்றும் நீதிமன்ற ஊழியர்) இடத்துக்குப் போனது அதன் பிறகுதான்.

ஏற்காடு நண்பருக்கு ஒன்று: பாகப்பிரிவினை வழக்கில் முதனிலைத் தீர்ப்பாணை வழங்கியதும், தனி மனுவுக்குக் காத்திராமல் விசாரணை நீதிமன்றமே இறுதித் தீர்ப்பாணை நடவடிக்கையைப் பட்டியலிட வேண்டும் என்று 2022 ஜூனில், கேரள வழக்கு ஒன்றில், உச்ச நீதிமன்றம் கூறியுள்ளது. அந்தத் தீர்ப்பு நகலை ஒரு மெமோவுடன் தாக்கல் செய்யுமாறு உங்கள் வழக்கறிஞரிடம் சொல்லுங்கள், இன்னொரு சி.ஆர்.பி.யை அதற்குப் பிறகு யோசிக்கலாம்.