டேப்பில் லெவல் 87, போனில் 12, கிளவுடில் 64: எதை அழுத்துவது?

தொரப்பாடி தோட்டக்காரி

வணக்கம். ஒன்றரை வருடமாக வீட்டு டேப்பில் ஒரு பண்ணை விளையாட்டு ஆடுகிறேன், ராத்திரி சமையல்கட்டைக் கழுவிவிட்டு உட்கார்ந்தால் எனக்கென்று இருக்கிற அரை மணி நேரம் அதுதான். இப்போது ராணிப்பேட்டை சிப்காட்டில் வேலை, தினமும் போக வர பஸ்ஸிலேயே நேரம் போகிறது, சரி போனிலும் அதே பண்ணையைப் பார்த்துக்கொள்ளலாமே என்று போன வாரம் ஏற்றினேன். லெவல் 1-இல் இருந்து ஆரம்பித்தது. லாகின் செய்தால் தானாக வந்துவிடும் என்று யாரோ சொல்ல, அதை அப்புறம் பார்க்கலாம் என்று கெஸ்ட்டாகவே ஐந்து நாள் ஆடி 12 வரை வந்துவிட்டேன், நடுவில் 89 ரூபாய்க்கு வைரம் வேறு வாங்கித் தொலைத்தேன்.

இன்று காலை போனில் கூகுளின் விளையாட்டுக் கணக்கான ப்ளே கேம்ஸ் லாகின் கொடுத்தேன். உடனே ஒரு பெட்டி வந்து நிற்கிறது. இடது பக்கம் "இந்தக் கருவி, லெவல் 12", வலது பக்கம் இணையத்தில் சேமித்து வைத்த "கிளவுட், லெவல் 64", கீழே "ஒன்றைத் தேர்ந்தெடுத்தால் மற்றது அழிந்துவிடும்" என்று சிவப்பு எழுத்து. டேப்பில் நான் 87. அந்த 64 எங்கிருந்து வந்தது? எதையும் அழுத்தாமல் போனை அப்படியே மேஜைமேல் வைத்திருக்கிறேன், வீட்டில் யாரையும் தொடவிடவில்லை.

காட்பாடி ஜங்ஷன்

இதில் என்ன யோசனை அக்கா, 12-ஐ விட 64 பெரியதுதானே, கிளவுடையே அழுத்துங்கள். டேப்பில் விளையாட்டை எடுத்துவிட்டு மறுபடி இன்ஸ்டால் செய்தால் இரண்டும் ஒன்றாகிவிடும்.

பாலாற்று மணல்

தம்பி, கொஞ்சம் பொறு. அக்கா, டேப்பில் எதையும் அன்இன்ஸ்டால் செய்யாதீர்கள், சேமித்ததையெல்லாம் அழிக்கிற "க்ளியர் டேட்டா" பக்கமே போகாதீர்கள். உங்கள் 87 இப்போது இருக்கிற ஒரே இடம் அந்த டேப்தான். கிளவுட் 64-இல் நிற்கிறது என்றால் அந்த லெவலுக்கு அப்புறம் டேப்பிலிருந்து எதுவும் மேலே போகவில்லை என்று அர்த்தம். தம்பி சொன்னபடி அழித்துவிட்டு ஏற்றினால் 64 வரும், நடுவில் இருக்கிற 23 லெவல் போயே போச்சு.

போனில் இருக்கிற பெட்டியில் இரண்டுமே இப்போதைக்கு உங்களுக்கு வேண்டாதவை. எதையும் தேர்ந்தெடுக்காமல் விளையாட்டை மூடிவிடுங்கள், அடுத்த தடவை திறக்கும்போது பெரும்பாலும் மறுபடி கேட்கும். அதற்கு முன் அந்தப் பெட்டியை ஒரு ஸ்கிரீன்ஷாட். டேப்பில் செட்டிங்ஸுக்குள் போய் உங்கள் ப்ளேயர் ஐடி தெரிகிற இடத்தில் இன்னொரு ஸ்கிரீன்ஷாட், பண்ணை முழுவதும் லெவலோடு தெரிகிற மாதிரி மூன்றாவது. ஏதாவது எக்குத்தப்பாக ஆனால் விளையாட்டு கம்பெனிக்காரர்களுக்கு எழுதும்போது முதலில் கேட்பது அந்த ஐடியைத்தான்.

அப்புறம் டேப்பில் ப்ளே கேம்ஸ் எந்த மெயிலில் இருக்கிறது, இருக்கிறதா இல்லையா என்று பாருங்கள். பல வீடுகளில் டேப்பில் அப்பா மெயில், அம்மா மெயில், பிள்ளையின் பள்ளிக்கூட மெயில் என்று மூன்று கிடக்கும், விளையாட்டு ஒன்றில் போய் ஒட்டிக்கொண்டிருக்கும், ஆள் இன்னொன்றில் தேடிக்கொண்டிருப்பார். ப்ளே கேம்ஸ் ஆப்பின் செட்டிங்ஸில் விளையாட்டுக்கான அக்கவுண்டை மாற்றுகிற இடம் இருக்கிறது.

வெயிலூர்வாசி

கூகுள் பேக்கப் ஆன் செய்து வைத்திருந்தால் இந்தத் தொல்லையே இல்லையே, அது ஆப் டேட்டாவையும் எடுத்துக்கொள்ளுமே?

பாலாற்று மணல்

எடுக்கும், ஆனால் அது வேறு வேலைக்கானது. ஆண்ட்ராய்டின் அந்தத் தானியங்கி பேக்கப் ஓர் ஆப்புக்கு 25 எம்பி வரைதான், அதுவும் அந்த ஆப் அனுமதித்திருந்தால். திரும்பி வருவதும் ஆப்பைப் புதிதாக இன்ஸ்டால் செய்யும்போது மட்டும். இரண்டு கருவிகளில் மாறி மாறி ஆடுகிறவருக்கு அது உதவாது, அதற்கு விளையாட்டே கிளவுடில் சேமிக்க வேண்டும்.

குடியாத்தம் தீப்பெட்டி

நான் பட்டதையும் சொல்லிவிடுகிறேன். என்னுடையது ஐபேட், போன் ஆண்ட்ராய்டு. ஐபேடில் ஆப்பிளின் விளையாட்டுக் கணக்கான கேம் சென்டரில் சேமித்ததெல்லாம் போனில் வரும் என்று இரண்டு நாள் தேடினேன், ஆண்ட்ராய்டில் கேம் சென்டரே கிடையாது என்று மூன்றாம் நாள்தான் புரிந்தது. ஆப்பிளும் கூகுளும் ஒன்றுக்கொன்று பேசாது, நடுவில் விளையாட்டுக்காரர்களே ஒரு லாகின் வைத்திருந்தால்தான் உண்டு. கிளாஷ் ஆஃப் கிளான்ஸ் ஆடுகிறவர்களுக்கு சூப்பர்செல் ஐடி இருக்கிற மாதிரி. அது இருந்தால் எந்தக் கருவியானாலும் கவலையில்லை, ஒன்றில் ஆடும்போது இன்னொன்றில் திறந்தால் முதலாவதைத் தானாக வெளியே தள்ளிவிடும், அதனால் இரண்டு பிரதி உருவாகவே வழியில்லை.

என் பையன் மைன்கிராஃப்டில் கட்டிய கோட்டை கதை வேறு. அகழியோடு நம்ம வேலூர்க் கோட்டை மாதிரியே கட்டியிருந்தான். அதில் மைக்ரோசாஃப்ட் அக்கவுண்டில் லாகின் செய்தால் கடையில் வாங்கியதெல்லாம் வரும், ஆனால் உலகம் அந்தந்தக் கருவியிலேயே கிடக்கும். எக்ஸ்போர்ட் செய்து ஃபைலாக எடுத்து மற்றதில் திறந்தால் போகும், ஆனால் அது நகல்தான், அதற்கப்புறம் இரண்டும் தனித்தனி. லாகின் பச்சையாகக் காட்டுகிறது என்பதற்காக எல்லாம் சேமிப்பாகிறது என்று நம்பிவிடாதீர்கள்.

தொரப்பாடி தோட்டக்காரி

பாலாற்று மணல் அண்ணா, கண்டுபிடித்துவிட்டேன். டேப்பில் விளையாட்டு செட்டிங்ஸில் ப்ளே கேம்ஸ் பக்கத்தில் "இணை" என்று சாம்பல் நிறத்தில் இருக்கிறது. பொங்கலுக்கு அப்புறம் ஜிமெயில் பாஸ்வேர்டு மாற்றினேன், டேப்பில் "மறுபடி உள்நுழையவும்" என்று அறிவிப்பு வந்துகொண்டே இருந்தது, நான் தள்ளித் தள்ளி விட்டிருக்கிறேன். அப்போது 64-இல்தான் இருந்திருப்பேன். அன்றிலிருந்து பண்ணை டேப்புக்குள்ளேயே வளர்ந்திருக்கிறது, விளையாட்டும் ஒரு வார்த்தை சொல்லவில்லை!

இன்னொரு குழப்பம். கிளவுட் சேவ் பக்கத்தில் தேதி அடுத்த வருடம் என்று காட்டுகிறது.

பாலாற்று மணல்

வீட்டில் குழந்தை இருக்கிறதா? பயிர் சீக்கிரம் விளையவேண்டும் என்று டேப்பின் தேதியை முன்னால் தள்ளி வைத்திருக்கும். அதனால் தேதியைப் பார்த்து முடிவெடுக்காதீர்கள், லெவலையும் காசையும் பாருங்கள். டேப்பில் தேதி, நேரத்தைத் தானியங்கிக்கு மாற்றிவிட்டுத்தான் மற்றது எல்லாம்.

முதலில் டேப், பிறகுதான் போன். டேப்பில் வைஃபையோடு, புது பாஸ்வேர்டில், போனில் இருக்கிற அதே மெயிலை இணையுங்கள். அங்கேயும் ஒரு பெட்டி வரும், 87-ஆ 64-ஆ என்று கேட்கும். அங்கே "இந்தக் கருவி". அழுத்துவதற்கு முன் எந்தப் பக்கம் 87 என்று இரண்டு தடவை வாசித்துவிடுங்கள், சில விளையாட்டுகளில் இடமும் வலமும் மாறி இருக்கும். அப்புறம் ஒரு வயலை அறுவடை செய்து, மேலே அந்தச் சின்ன மேகப் படம் சுற்றி நிற்கும்வரை காத்திருந்து மூடுங்கள். அதற்கப்புறம் போனைத் திறந்தால் கிளவுடில் 87 என்று காட்டவேண்டும். காட்டினால் மட்டும் கிளவுடை அழுத்துங்கள், இன்னும் 64 என்றால் மூடிவிட்டு இங்கே வாருங்கள்.

போனில் வாங்கிய 89 ரூபாய் வைரம் அந்த கெஸ்ட் பண்ணையோடு போய்விடும். மெயிலில் கூகுள் ப்ளே ரசீது வந்திருக்கும், ஜிபிஏ என்று தொடங்குகிற ஆர்டர் எண்ணையும் ப்ளேயர் ஐடியையும் போட்டு விளையாட்டுக்காரர்களிடம் கேட்டுப் பாருங்கள், கொடுத்தால் லாபம்.

காட்பாடி ஜங்ஷன்

நான் சொன்னது தப்புதான், மன்னிக்கவும் அக்கா. ஒன்று மட்டும் சேர்க்கிறேன், நான் தினமும் ஏலகிரி எக்ஸ்பிரஸில் சென்னை போய் வருகிறவன். சோளிங்கர் பக்கம் சிக்னல் போய்ப் போய் வரும். அப்போது ஆடியதெல்லாம் போனிலேயே நிற்கும், வீட்டுக்கு வந்த உடனே டேப்பைத் திறந்தால் பழையது இருக்கும், அதில் ஆடினால் மறுபடி இரண்டு பிரதி, மறுபடி அதே பெட்டி. வீட்டுக்கு வந்ததும் போனை வைஃபையில் ஒரு தடவை திறந்து மூடிவிட்டு அப்புறம்தான் டேப்பைத் தொடுவேன். இது ஒரு முறை நாலு நாள் ஆட்டத்தைப் பறிகொடுத்துக் கற்றுக்கொண்டது.

தொரப்பாடி தோட்டக்காரி

ஆச்சு! தேதியைத் தள்ளியது என் சின்னவள்தான், கேட்டதும் ஓடிவிட்டாள். டேப்பில் நீங்கள் சொன்ன மாதிரியே இடம் வலம் மாறித்தான் இருந்தது, வாசிக்காமல் பழக்கத்தில் அழுத்தியிருந்தால் 87 போயிருக்கும். கை நடுங்க அழுத்தினேன். கால் மணி நேரம் கழித்து போனைத் திறந்தேன், கிளவுட் 87 என்று காட்டியது.

ஐந்து நாள் பண்ணை போனதில் வருத்தமில்லை, 89 ரூபாய்க்கு எழுதியிருக்கிறேன், இன்னும் பதில் இல்லை. இப்போது பஸ்ஸில் ஆற்காடு பாலத்தின்மேல் இருக்கிறேன், கத்தரிக்காய் அறுவடைக்கு இன்னும் 4 நிமிடம் காட்டுகிறது. இலவம்பாடி முள்ளுக் கத்தரி இதில் கிடையாது, அதைத்தான் அடுத்து அவர்களிடம் கேட்கவேண்டும்.